இரண்டு நூல்

அளவெடுக்கும்போது மூச்சை இழுத்துப் பிடித்துக்கொள்ளாதவர்கள் மிகக் குறைவு. ராஜா வேஷம் கட்டுகிற ஆறடி ஆள்கூட இடுப்பில் டேப் பட்டதும் வயிற்றை எக்கிக்கொள்வார். நான் ஒன்றும் சொல்வதில்லை. ஊரில் மழை உண்டா, மகள் எத்தனாவது படிக்கிறாள் என்று ஏதாவது பேச்சுக் கொடுப்பேன். பதில் சொல்ல வாய் திறந்ததும் மூச்சு இறங்கும். அப்போது காட்டுவதுதான் அளவு. இருபத்தேழு வருடமாக இப்படித்தான் எடுத்து வருகிறேன்.

சித்ரா மேடம், போன வியாழக்கிழமை ஸ்டேஷனில் நீங்கள் எழுதி வாங்கிய இரண்டு பக்க வாக்குமூலத்தில் கையெழுத்துப் போட்டேன். அதில் தவறு எதுவும் இல்லை. சண்முகப்பிரியா, வயது இருபத்து மூன்று, நாடக நடிகை, அம்மாப்பேட்டையில் என் வீட்டு மாடியில் மூன்று வருடமாகத் தங்கியிருந்தவள், சரிவரச் சாப்பிடாமல் உடல் மெலிந்து, ஆடி இருபத்தாறாம் தேதி காலை இறந்து கிடந்தாள். கதவை முதலில் திறந்தவள் நான். எல்லாம் சரிதான். எழுதி முடித்துப் பேனாவை மூடும்போது நீங்கள் ஒன்று கேட்டீர்கள். "அந்தப் பொண்ணு ஏன் சாப்பிடலைன்னு உங்களுக்குத் தெரியுமாம்மா?" தெரியாது என்று சொல்லிவிட்டேன். இந்த விஷயத்தில் நான் வாய் திறந்து சொன்ன பொய் அது ஒன்றுதான். அதனால் என் கைப்பட இதை எழுதிக் கொடுக்கிறேன்.

என் பெயர் கோகிலவாணி. வயது ஐம்பத்திரண்டு. பிறந்தது இளம்பிள்ளை, அப்பா வீட்டில் நான்கு தறி ஓடியது. கல்யாணமாகிச் சேலம் வந்தேன். கணவர் ரிக் வண்டி டிரைவர். போர்வெல் போட ராய்ப்பூர்ப் பக்கம் போனவர் அங்கேயே ஒரு குடும்பம் ஆக்கிக்கொண்டார். பிள்ளைகள் இல்லை. இதையெல்லாம் நீங்கள் ஒரு காரணமாகக் குறித்துக்கொள்வீர்கள். வேண்டாம் மேடம். பத்தொன்பது வருடம் ஆயிற்று, அவர் முகமே சரியாக நினைவில்லை.

பள்ளிக்கூட ஆண்டு விழாக்களுக்குத் தைக்க ஆரம்பித்தேன். பிறகு நாமக்கல்லில் நாடகக் குழு நடத்தும் நவநீதகிருஷ்ணன் என்னைக் கூப்பிட்டார். அவருடைய நாடகங்கள் எல்லாவற்றுக்கும் உடை என்னுடையது. ஏற்காட்டுக்கும் மேட்டூருக்கும் படப்பிடிப்புக்கு வருகிறவர்களும் என்னைத் தேடி வருவார்கள். கதாநாயகிக்கு உடுப்பு சென்னையிலிருந்து வந்துவிடும். பின்னால் கூட்டத்தில் நிற்கிற நூறு பேருக்கு நான். அதில் எனக்குக் குறை இருந்ததில்லை.

எந்த ரவிக்கையானாலும் இரண்டு பக்கமும் உள்ளே ஒன்றரை இஞ்சு துணி விட்டுத்தான் தைப்பேன். நடிக்கிறவர்களின் உடம்பு ஏறும், இறங்கும். ஒருத்தி போய் இன்னொருத்தி வருவாள். இறுக்க வேண்டுமானால் சைடு பிடிக்கலாம், தளர்த்த வேண்டுமானால் பிரிக்கலாம். எங்கள் கணக்கில் ஒரு இஞ்சுக்கு எட்டு நூல். இரண்டு நூல் என்றால் கால் இஞ்சு. அந்த வித்தியாசம் கண்ணுக்குத் தெரியாது. உடம்புக்குத் தெரியும்.

பிரியா வந்தபோது அவளுக்கு இருபது வயது. சேந்தமங்கலம் பக்கம் தோட்டத்து வீடு. அப்பா தங்கசாமி கோழிப்பண்ணை வைத்திருக்கிறார். மகள் மேடை ஏறியது அவருக்குப் பிடிக்கவில்லை, ஒரு வருடம் பேசாமலே இருந்தார். நவநீதகிருஷ்ணன்தான் அவளை என் வீட்டில் கொண்டுவந்து விட்டார். "பாதுகாப்பா இருக்கட்டுமுங்க" என்றார். முதல் நாள் அளவெடுக்கக் கை தூக்கி நின்றாள். மூச்சை இழுக்கவே இல்லை. நின்ற நிலையில் என்னிடம், "அக்கா, கீழ மொளகா வறுக்கிற வாசம் வருதே, என்ன கொழம்புங்க?" என்று கேட்டாள். மார்பு முப்பத்து நான்கு, இடுப்பு இருபத்தெட்டு. மண்வெட்டி பிடித்த தோள். அந்த மத்தியானம் மூன்று முறை சோறு வாங்கிச் சாப்பிட்டாள். அவள் சாப்பிடுவதைப் பார்ப்பதற்காகவே நான் இரண்டு பொரியல் வைக்க ஆரம்பித்தேன்.

நவநீதகிருஷ்ணன் கொல்லிமலை அரசி ஒருத்தியைப் பற்றி நாடகம் எழுதினார். பிரியாதான் அரசி. நான் அவளுக்கு எடுத்தது பாசி நிறத்துப் பட்டு. மேடை விளக்கில் பச்சை கறுத்துப் போகும் என்று எல்லாரும் சொன்னார்கள். கறுத்துப் போகட்டும் என்றுதான் எடுத்தேன். அவள் நடந்து முன்னால் வரும்போது மடிப்பு திறந்து உள்ளிருந்து பச்சை எழும். காடு அசைவது போல இருக்கும். நாமக்கல்லில் முதல் காட்சியில் அவள் வந்து நின்றதும் கூட்டம் பேச்சை நிறுத்தியது. ஓரத்திலிருந்து பார்த்தேன். அவளும் ஓரத்தில் நின்ற என்னைத்தான் முதலில் பார்த்தாள்.

மூன்று வருடம் அப்படி இருந்தது.

போன பங்குனிக் கடைசியில் சென்னையிலிருந்து ஒரு டைரக்டர் நாடகம் பார்க்க வந்தார். ஆவணியில் படம் தொடங்குகிறோம், இந்தப் பெண்தான் வேண்டும் என்றார். நான்கு நாள் கழித்து நவநீதகிருஷ்ணன் சொல்லித்தான் எனக்குத் தெரிந்தது. அன்று பிரியா மாடியிலிருந்து ஓடி வந்து என் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். "உங்ககிட்ட எப்படிச் சொல்றதுன்னே தெரியலைங்க்கா. அங்க வேற காஸ்ட்யூமர் இருக்காங்களாமா. நீங்க எனக்குத் தீபாவளிக்கு ஒண்ணு தெச்சுக் குடுத்தாப் போதும்." அதில் கெட்ட எண்ணம் எதுவும் இல்லை. இருந்தால் அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டு சொல்லியிருக்க மாட்டாள்.

அவள் மாடிக்குப் போன பிறகு பார்த்தேன், அரசியின் உள்ரவிக்கை மிஷினில் கிடந்தது. அக்குள் பக்கம் தையல் விட்டிருந்ததைச் சரி செய்ய எடுத்து வைத்தது. சரி செய்தேன். செய்த கையோடு இரண்டு பக்கமும் இரண்டு நூல் உள்ளே பிடித்தேன். என்ன நினைத்துச் செய்தேன் என்று கேட்டால், அன்றைக்கு ஒன்றும் நினைக்கவில்லை என்பதுதான் பதில்.

அடுத்த காட்சி திருச்செங்கோட்டில். கொக்கி மாட்டினேன், கடைசிக் கொக்கி ஏறவில்லை. பிரியா கண்ணாடியில் என்னைப் பார்த்தாள். "வாணிக்கா, குண்டாயிட்டனா?"

அவளிடம் இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். "கொக்கியை மாத்தி வெச்சுக்கலாம் சாமி, நீ போ" என்று மட்டும் சொன்னேன். குண்டாகிவிட்டாய் என்று அன்றும் சொல்லவில்லை, பிறகு ஒருநாளும் சொல்லவில்லை. இதை நீங்கள் தனியாகக் குறித்துக்கொள்ளலாம்.

அன்று ராத்திரிச் சாப்பாடு வேண்டாம் என்றாள். ஒரு வாரம் கழித்து அவளாகவே வந்து நின்றாள். "அக்கா, ஒருக்கா அளந்து பாருங்களேன். சினிமால ஒண்ணுக்கு ரெண்டாத் தெரியுமாமா." என்னிடம் ஒரு பழைய டேப் உண்டு. முனைத் தகடு கழன்று முதல் இஞ்சு நைந்துபோனதால் அதை வெட்டி எறிந்துவிட்டேன். தையல்காரர்கள் பலரிடம் அப்படி ஒன்று இருக்கும். அதில் அளந்தால் வருகிற கணக்கில் ஒரு இஞ்சு கழித்துக்கொள்ள வேண்டும். அன்று அந்த டேப்பில் அளந்தேன். கழிக்கவில்லை. டேப் காட்டியதை வாசித்தேன். "இருபத்தொன்பது."

அவள் வீட்டில் உடுத்துகிற சுடிதார், பேன்ட் எல்லாம் நான் தைத்தவைதான். துவைத்துக் காயப்போட்டு இஸ்திரி போடுவதும் நான். வாரத்துக்கு ஒன்று என்று என் மிஷின் வழியாகப் போயின. ஒவ்வொன்றிலும் இரண்டு நூல். அவள் உடம்பு அரை இஞ்சு இறங்கினால் துணி முக்கால் இஞ்சு இறங்கும். டேப்புக்கும் உடம்புக்கும் நடுவில் இரண்டு விரல் விட்டு அளப்பது எங்கள் வழக்கம். நான் மூன்று விரல் விட்டேன், பிறகு நான்கு. அவள் எண்ணைப் பார்ப்பதை நிறுத்திவிட்டாள். காலையில் எழுந்ததும் முதல் வேலையாகக் கீழே வந்து கை தூக்கி நிற்பாள், கண்ணை மூடிக்கொள்வாள், நான் சொல்கிற எண்ணைக் கேட்பாள். முதல் நாள் மிளகாய் வாசம் கேட்டவள் இப்போது மூச்சை இழுத்துப் பிடித்து நின்றாள். நான் பேச்சுக் கொடுக்கவில்லை.

ஒருநாள் மத்தியானம் வெயிலில் நடந்து வந்தவள் குழம்பிய முகத்தோடு வாசலிலேயே நின்றாள். "மெடிக்கல்ல மிஷின் மேல ஏறிப் பார்த்தனுங்க்கா. நாப்பத்து நாலுன்னு காட்டுது. போன வருசம் அம்பத்தஞ்சு இருந்தேன்."

"கடை மிஷின் சாமி. துணி பொய் சொல்லுமா?"

அவள் குனிந்து தன் இடுப்பில் சதையைக் கவ்விப் பிடித்திருந்த துணியைப் பார்த்தாள். "சொல்லாதுங்க்கா" என்றாள். அப்புறம் அவள் எந்த மிஷினிலும் ஏறவில்லை.

மற்றவர்கள் பார்க்கவில்லையா என்று கேட்பீர்கள். பார்த்தார்கள். நவநீதகிருஷ்ணன் ஒத்திகையில், "புள்ள எளச்சிருச்சே" என்றார். நான் பதில் யோசிப்பதற்குள் அவரே, "சினிமாக்காரங்க அப்படித்தான் கேப்பாங்க" என்று முடித்துக்கொண்டார். எல்லாரும் தங்களுக்குத் தாங்களே ஒரு பதில் வைத்திருந்தார்கள். மேடையில் தெரிந்துவிடக் கூடாதே என்பதால் அரசிக்குப் போர்க்கோலம் என்று ஒரு மேலங்கி தைத்தேன். தோளுக்கும் இடுப்புக்கும் உள்ளே ஸ்பாஞ்ச். முதல் வரிசையில் இருந்து பார்த்தாலும் பழைய பிரியாதான். நான் செய்த உடைகளில் அது நல்ல வேலை. உள்ரவிக்கை கொக்கி போடும்போது அவளுக்கு மூச்சு முட்டும். மேலே அங்கி ஏறியதும் கம்பீரமாக நிற்பாள். இரண்டையும் நானே அவளுக்கு மாட்டிவிட்டேன்.

எனக்கு அப்போது ஒரு கணக்கு இருந்தது. இவள் தெம்பு போய், முகக்களை போய், சென்னைக்காரர்கள் வேண்டாம் என்று சொல்லிவிடுவார்கள். அல்லது இவளே பயந்து பின்வாங்குவாள். பிறகு எல்லாத் துணியையும் ஒரே வாரத்தில் பிரித்து விட்டுவிடலாம். இரண்டு பொரியல் வைக்கலாம். நான் எதையும் வெட்டவில்லையே, எல்லாம் உள்ளேதானே இருக்கிறது என்று அடிக்கடி நினைத்துக்கொள்வேன். ஆனால் ஆனி மாதம் அவள் அனுப்பிய போட்டோவைப் பார்த்து அந்த டைரக்டர், இப்போதுதான் சரியாக இருக்கிறீர்கள், இப்படியே இருங்கள் என்று பதில் போட்டார். அவள் அதை என்னிடம் காட்டி அழுதாள். சந்தோஷத்தில்தான். என் கணக்கு அன்றோடு முடிந்துவிட்டது. அன்று சாயங்காலமும் இரண்டு நூல் பிடித்தேன்.

அது ஏன் என்று பல நாள் யோசித்திருக்கிறேன். காலையில் அவள் கை தூக்கி, கண் மூடி என் முன்னால் நிற்பாள் என்று சொன்னேன் அல்லவா. எண்ணைச் சொன்னதும் என் தோளில் நெற்றியை வைத்துக்கொள்வாள். "நீங்க மட்டும்தாங்க்கா எங்கிட்ட உள்ளதைச் சொல்றீங்க" என்பாள். மற்றவர்கள் மெலிந்துவிட்டாய் என்றால் அவளுக்குக் கோபம் வரும். அவர்களோடு பேச்சைக் குறைத்துக்கொண்டாள். போனை எடுப்பதில்லை. மாடியிலிருந்து கீழே, கீழேயிருந்து மாடி. அப்படி ஒருவர் என் வாழ்க்கையில் என்னை நம்பி நின்றதில்லை மேடம்.

அவளுடைய அம்மா வள்ளியாத்தாள் ஆனிக் கடைசியில் வந்தார். ஒரு தூக்குவாளியில் நாட்டுக்கோழிக் குழம்பு, ஒரு கூடையில் முட்டை, முருங்கைக்கீரை. மகளைப் பார்த்ததும் கூடையை அப்படியே தரையில் வைத்துவிட்டார். அவளை உட்காரவைத்து, சோற்றைப் பிசைந்து, உருண்டை பிடித்துக் கையில் வைத்தார். பிரியா ஒரு வாய் வாங்கிவிட்டு என்னைப் பார்த்தாள். நான் மிஷினைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் எழுந்து போய்த் துப்பிவிட்டு வந்தாள்.

வள்ளியாத்தாள் என்னைச் சமையலறைக்குள் கூட்டிப்போனார். "ஏனுங்க, புள்ளைக்கு ஏதாச்சும் சீக்குங்களா? எங்கிட்ட மறைக்காதீங்க."

"சீக்கெல்லாம் இல்லைங்க. சினிமாவுக்கு ஒல்லியா வேணுமாமா."

"எனக்கு அந்தச் சினிமாவே வேண்டாமுங்க. ஊட்டுக்குக் கூட்டிட்டுப் போயர்றேன். ஒரு மாசம் ஆக்கிப் போட்டாச் சரியாயிரும்."

அன்று அவர் கூட்டிப் போயிருந்தால் இன்று இந்தக் காகிதத்துக்கு வேலை இல்லை. "ஆடி பூராவும் கோயில் நாடகம் இருக்குதுங்க, குழு இவளை நம்பித்தான் இருக்குது" என்றேன். அதுவும் உண்மைதான். பன்னிரண்டு ஊருக்குத் தேதி கொடுத்திருந்தார்கள். அவர் சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "உங்களை நம்பித்தானுங்க உட்டுட்டுப் போறேன். எம்பட புள்ளைய நீங்கதான் பாத்துக்கோணும்." என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு சொன்னார். அவர் கையில் முருங்கைக்கீரை மணம் இருந்தது. அவர் போன பிறகு அந்தக் குழம்பை இரண்டு நாள் வைத்திருந்து நானே சாப்பிட்டேன். வீணாக்க மனம் வரவில்லை.

ஆடி பதினான்காம் தேதி வாழப்பாடியில் நாடகம். இரண்டாவது காட்சியில் பிரியா வாளைத் தூக்கினாள், அப்படியே உட்கார்ந்தாள், பிறகு சாய்ந்தாள். நடிப்பு என்று நினைத்துக் கூட்டம் கைதட்டியது. நான் ஓடிப்போய் முதலில் மேலங்கியைக் கழற்றினேன். உள்ளே இருந்தவளைப் பார்த்து நவநீதகிருஷ்ணன், "ஐயோ, என்னங்க இது" என்று தரையில் உட்கார்ந்துவிட்டார்.

ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் குளுக்கோஸ் ஏற்றினார்கள். டாக்டர் என்னை வராந்தாவுக்குக் கூப்பிட்டார். இதயம் பலவீனமாக இருக்கிறது, உடம்பில் உப்புச்சத்து மிகவும் இறங்கிவிட்டது, கொஞ்சம் கொஞ்சமாகச் சாப்பாட்டை ஏற்ற வேண்டும், இனி ஒரு வாரம் பட்டினி கிடந்தால் தாங்காது என்றார். "நீங்க யாருங்க?" என்று கேட்டார். கூட இருக்கிறவள் என்றேன். "அப்ப நீங்கதான் பாத்துக்கணும்." இந்தப் பேச்சை என் முதல் வாக்குமூலத்தில் நான் சொல்லவில்லை. நீங்களும் கேட்கவில்லை. அவர் சொன்னதை நான் யாரிடமும் சொல்லவும் இல்லை. பிரியாவிடம், சும்மா மயக்கம்தான் என்றேன். யோசித்தால் அது இரண்டாவது பொய்.

நவநீதகிருஷ்ணன் மீதி நாடகங்களை நிறுத்திவிட்டு அவளை என் பொறுப்பில் விட்டார், அம்மாவுக்குத் தெரிய வேண்டாம் என்று அவளே சொல்லிவிட்டாள். வீட்டுக்கு வந்தபின் அவள் மாறிவிட்டாள். குளுக்கோஸ் தெம்பா, சாவு பயமா தெரியாது. பதினேழாம் தேதி காலையில் டேப்புக்கு வந்து நிற்கவில்லை. இரண்டு இட்லி கேட்டாள். மறுநாள் மூன்று. மூன்றாம் நாள் மத்தியானம் ரசம் சோறு சாப்பிட்டுவிட்டு, தட்டைக் கழுவி வைத்துவிட்டு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"அக்கா, படம் வேண்டாம்னு அவங்களுக்கு மெசேஜ் போட்டுட்டனுங்க."

சித்திரையில் நான் எதை நினைத்து ஆரம்பித்தேனோ அது நடந்துவிட்டது. நான் எதுவும் சொல்வதற்கு முன்னால் அவளே தொடர்ந்தாள். "அம்மா கைல சாப்புடணும் போல இருக்குதுங்க்கா. நாளைக்குக் காத்தால ஊட்டுக்குப் போறேன். ஒரு ரெண்டு மூணு மாசம் இருந்துட்டு வாரேன். அப்பாவும் வான்னு கூப்பிட்டாரு. முதல் தடவையா அவரே போன் பண்ணுனாருங்க்கா."

"போயிட்டு வா சாமி" என்றேன்.

பயணத்துக்கு மஞ்சள் பருத்திச் சுடிதாரை எடுத்துக் கட்டில் மேல் வைத்தாள். இஸ்திரி போட்டுக் கொடுங்கள் என்று சொல்லிவிட்டுப் படுத்துத் தூங்கிப்போனாள். அது ஆறேழு மாதமாக அவள் உடுத்தாதது. அதில் நான் கை வைத்திருக்கவில்லை. அவள் போட்டுப் பார்த்திருந்தால் தோளிலிருந்து தொளதொளவென்று தொங்கியிருக்கும். கண்ணாடியில் ஒரு நிமிஷம் பார்த்திருந்தால் எல்லாம் புரிந்திருக்கும்.

அதைக் கீழே எடுத்து வந்தேன். இந்த முறை இரண்டு நூல் கணக்கு இல்லை. அவள் தூங்கும்போது மாடிக்குப் போய் நல்ல டேப்பால் அவளை அளந்தேன். அவள் அசையவில்லை. இருபத்து இரண்டரை. துணியை இருபத்தொன்றுக்குப் பிடித்தேன். அவசரத்தில் இழுத்தால் பிரிந்துவிடக் கூடாது என்று நான்கு தையல் ஓட்டினேன். இஸ்திரி போட்டு, மடித்து, தலைமாட்டில் வைத்தேன்.

டாக்டர் சொன்னது எனக்கு நினைவிருந்தது. இல்லை என்று சொல்ல மாட்டேன்.

காலையில் பஸ்ஸுக்குக் கிளம்பினாள். ஜிப் போட்டுவிடச் சொல்லி எனக்கு முதுகைக் காட்டி நின்றாள். முதுகெலும்பு ஒவ்வொரு கணுவாகத் தெரிந்தது. ஜிப் பாதியில் நின்றது. இன்னொரு முறை இழுத்தேன். அதற்கு மேல் போகவில்லை. அவள் திரும்பவில்லை. சுவரைப் பார்த்தபடி ரொம்ப மெதுவாகச் சொன்னாள்.

"மூணே நாளுதாங்க்கா சாப்ட்டேன்."

நான் ஜிப்பைக் கீழே இறக்கிவிட்டேன். அவள் கட்டிலில் உட்கார்ந்தாள். அம்மாவுக்குப் போன் போட்டு, ஒத்திகை இருக்கிறது, அடுத்த வாரம் வருகிறேன் என்று அவளே சொன்னாள். குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. அந்தப் பக்கம் வள்ளியாத்தாள் என்னவோ சொல்ல, "செரிங்மா, செரிங்மா" என்றாள். பிறகு கதவைச் சாத்திக்கொண்டாள்.

ஆறு நாள். மூன்று வேளையும் சமைத்து மாடிக்குக் கொண்டுபோனேன். அதை யாரும் மறுக்க முடியாது, எதிர் வீட்டு அத்தாயி பார்த்திருக்கிறாள். தட்டு அப்படியே திரும்பி வரும். தண்ணீர் மட்டும் குடித்தாள். ஆறாம் நாள் ராத்திரி அவள் தலையை மடியில் வைத்துக்கொண்டேன். முடி கையோடு வந்தது. "அளந்து பாருங்க்கா" என்றாள். நான் நல்ல டேப்பை எடுத்துக்கொண்டு போய், முனையிலிருந்து சரியாக அளந்து, உள்ள எண்ணைச் சொன்னேன். "இருபத்தொன்று." அவள் சிரித்தாள். "இப்ப மஞ்சள் சுடிதார் செரியா இருக்குமுங்களா? நாளைக்கு ஊட்டுக்குப் போலாமா?" போகலாம் என்றேன். அதை எடுத்து அவளுக்குப் போட்டுவிட்டேன். ஜிப் தடையில்லாமல் மேலே ஏறியது. அப்படியே தூங்கினாள். நீங்கள் வந்து பார்த்தது அந்த உடையில்தான்.

அவளுடைய துணிகள் ஒரு மூட்டையாக உங்கள் ஸ்டேஷனில் இருக்கின்றன. அன்று மடித்து எடுத்த பெண் காவலர், "உள்ள எவ்வளவு துணி உட்டுத் தெச்சிருக்கீங்க" என்று மெச்சிக்கொண்டார். எதை வேண்டுமானாலும் பிரித்துப் பாருங்கள். பழைய தையல் ஓடிய ஊசித் துளைகள் வரிசை வரிசையாகத் தெரியும். எண்ணினால் எத்தனை வாரம் என்று தெரிந்துவிடும். வேறு சாட்சி எதுவும் தேவைப்படாது. சண்முகப்பிரியாவைக் கொன்றது நான்தான்.

உங்களிடம் ஒரு வேண்டுகோள் மட்டும் இருக்கிறது. இதை வள்ளியாத்தாளிடம் சொல்ல வேண்டாம். காரியம் முடிந்ததிலிருந்து தினமும் சாயங்காலம் எனக்குப் போன் செய்கிறார். தங்கசாமி வீட்டில் மகள் பேரைச் சொல்லவே விடுவதில்லையாம். அக்கம்பக்கத்தார் ஆளுக்கொன்று பேசுகிறார்களாம். பிரியா கடைசியாக என்ன சொன்னாள், எப்படிச் சிரித்தாள் என்று அவர் கேட்கக் கேட்க நான் சொல்லிக்கொண்டே இருக்கிறேன். ஒரு மணி நேரம் ஆகிவிடுகிறது. நேற்று, சோறு உள்ளே இறங்க மாட்டேன் என்கிறது என்றார். இறங்கவில்லை என்றால் விடுங்கள், கட்டாயப்படுத்த வேண்டாம் என்று சொன்னேன். அந்தக் கோழிப்பண்ணையை விட்டு ஒரு மாசம் வந்து என்னோடு இருங்கள் என்றும் கூப்பிட்டிருக்கிறேன். மாடி அறையைக் கூட்டி வைத்திருக்கிறேன். பாவம், இப்போது அவருக்கு என்னை விட்டால் யாரும் இல்லை.